ஏறியதும் அழுத்தாதீர்கள், இறங்கியதும் நிற்காதீர்கள்

கேள்வி: வணக்கமுங்க. பல்லடம் பக்கத்தில் சொந்தமாக விசைத்தறி ஓட்டுகிறேன், வயது 48. ரெண்டு வருசமாக பிபி மாத்திரை சாப்பிடுகிறேன். பையன் ஒரு கியர் சைக்கிள் வாங்கிக் கொடுத்ததில் இருந்து ஞாயிற்றுக்கிழமை வெடியால ஊர்க்காரர்களோடு சேர்ந்து 40, 50 கிலோமீட்டர் போய் வருகிறேன். மறுநாள் தொடையும் கெண்டைக்காலும் இறுகிப் போய்விடுகிறது, முட்டிக்கு முன்பக்கம் வலி வேறு. போன வாரம் பேக்கரியில் டீ குடிக்க இறங்கி நின்றதும் கண்ணைக் கட்டிக்கொண்டு வந்துவிட்டது. கிளம்பும் முன் கால் மணி நேரம் ஸ்ட்ரெட்ச்சிங் செய்யவேண்டும் என்று ஒருவர் சொல்கிறார், அதெல்லாம் வெட்டி வேலை என்று இன்னொருவர் சொல்கிறார். யார் சொல்வது சரிங்க? அடுத்த மாதம் வால்பாறை ஏறலாம் என்று பேசிக்கொண்டிருக்கிறோம். வீட்டுக்காரம்மா தினமும் நடக்கிறாங்க, பையன் ஜிம்முக்குப் போகிறான். அவங்களுக்கும் சேர்த்துச் சொன்னால் நல்லதுங்க.

பதில்: வணக்கம் அண்ணா. நீங்கள் கடைசியில் கேட்டதை எல்லாம் கடைசியில் பார்த்துக்கொள்ளலாம், அந்த பேக்கரி வாசலில் நடந்ததை முதலில் பேசிவிடுவோம், ஏனென்றால் உங்கள் கடிதத்திலேயே எனக்குக் கவலை தந்த வரி அதுதான்.

சைக்கிள் மிதிக்கும்போது கால் தசைகளுக்கு நிறைய ரத்தம் வேண்டும், அதனால் அங்கே உள்ள ரத்தக் குழாய்கள் நன்றாக விரிந்துகொள்கின்றன. கீழே இறங்கிய ரத்தத்தை மேலே தள்ளிவிடுவதில் கெண்டைக்கால் தசைக்குப் பெரிய பங்கு உண்டு, ஒவ்வொரு மிதிக்கும் அது சுருங்கி விரிந்து ரத்தத்தை இதயத்துக்குத் திருப்பி அனுப்பிக்கொண்டே இருக்கிறது. நீங்கள் வேகமாக வந்து, பிரேக் பிடித்து, இறங்கி, அப்படியே நின்றுவிட்டால் அந்தத் தள்ளல் சட்டென்று நின்றுவிடும், ஆனால் விரிந்த குழாய்கள் உடனே சுருங்காது. ரத்தம் காலிலேயே தேங்கும், பிரஷர் இறங்கும், மூளைக்குப் போவது குறையும், கண் இருட்டும். பிபி மாத்திரை சாப்பிடுகிறவர்களுக்கு இது இன்னும் சுலபமாக வரும், அதிலும் சில வகை மாத்திரைகளில் கூடுதலாக. வெயிலும் குறைவாகத் தண்ணீர் குடித்ததும் சேர்ந்தால் கேட்கவே வேண்டாம்.

கூல் டவுன் என்பது முக்கியமாக இதற்குத்தான். அது பெரிய வித்தை ஒன்றும் இல்லை. நிற்கப்போகும் இடத்துக்குப் பத்து நிமிடம் முன்பிருந்தே சின்ன கியருக்கு மாறி, பக்கத்தில் வருகிறவரோடு மூச்சு வாங்காமல் பேசுகிற அளவுக்கு மெதுவாக மிதித்து வாருங்கள். இறங்கியதும் சைக்கிளைத் தள்ளிக்கொண்டு இரண்டு மூன்று நிமிடம் நடங்கள், அதற்கப்புறம் டீ சொல்லுங்கள். வழியில் பேக்கரியில் நிறுத்துவதற்கும் இதுதான் விதி, வீட்டுக்கு வந்து சேருவதற்கு மட்டும் என்று நினைத்துவிட வேண்டாம். இன்னொன்று, வந்தவுடன் சுடுதண்ணீர் வார்த்துக்கொள்கிற பழக்கம் நம் பக்கம் நிறையப் பேருக்கு உண்டு. சூடு பட்டால் தோலில் உள்ள குழாய்களும் விரியும், பிரஷர் இன்னும் இறங்கும், குளியலறை வழுக்குத் தரையில் விழுந்து இடுப்பு உடைந்து வந்தவர்களை நான் பார்த்திருக்கிறேன். கால் மணி நேரமாவது பொறுத்து, தண்ணீர் குடித்து, வியர்வை அடங்கிய பிறகு குளியுங்கள்.

மறுபடியும் கண் கட்டினால் கௌரவம் பார்க்காமல் அங்கேயே உட்கார்ந்துவிடுங்கள், முடிந்தால் படுத்துக் காலைத் திண்ணை மேலோ சைக்கிள் சட்டத்தின் மேலோ தூக்கி வையுங்கள். நண்பர்கள் இரண்டு பக்கமும் தோளைப் பிடித்து நிறுத்தி வைப்பார்கள், அன்பில் செய்வதுதான், ஆனால் அது ரத்தத்தைக் காலிலேயே வைத்திருக்கும். கூட வருகிறவர்களுக்கு இதை முன்கூட்டியே சொல்லி வையுங்கள்.

மாத்திரையை நீங்களாக நிறுத்தவோ குறைக்கவோ வேண்டாம். உங்கள் மருத்துவரிடம் போய், இந்த மாதிரி ஞாயிறு காலை இவ்வளவு தூரம் போகிறேன், இறங்கி நின்றதும் இப்படி வந்தது என்று சொல்லுங்கள். மாத்திரை நேரத்தை மாற்றுவதா, வகையை மாற்றுவதா என்று அவர் முடிவு செய்வார். 48 வயது, பிபி இருக்கிறது, மலை ஏறும் யோசனையும் இருக்கிறது என்பதால் வால்பாறைக்கு முன் இதயப் பரிசோதனை ஏதும் தேவையா என்றும் அவரிடமே கேட்டுவிடுங்கள். நின்ற பிறகு வருகிற தலைசுற்றலுக்கு மேலே சொன்ன காரணம் பெரும்பாலும் பொருந்தும். ஆனால் மிதித்துக்கொண்டிருக்கும்போதே மயக்கம், நெஞ்சில் அழுத்தம், தாடைக்கோ கைக்கோ பரவும் வலி, வழக்கத்துக்கு மாறான மூச்சிரைப்பு, படபடப்பு என்று எது வந்தாலும் அன்றைக்கே மருத்துவமனை. அதற்கு நான் பதில் எழுதும்வரை காத்திருக்கக் கூடாது.

சரி, இப்போது உங்கள் நண்பர்கள் இருவரின் சண்டைக்கு வருவோம். இருவரும் பாதி பாதி சரி. வார்ம் அப்பையும் ஸ்ட்ரெட்ச்சிங்கையும் ஒன்றாகக் குழப்பிக்கொள்வதில்தான் இந்தச் சண்டையே வருகிறது. வார்ம் அப் என்றால் பெயரிலேயே உள்ளபடி தசையைச் சூடாக்குவது. தசையின் வெப்பம் 1 டிகிரி கூடினாலே அதன் ஆற்றல் சுமார் 2 முதல் 5 சதவீதம் கூடுகிறது, நரம்புச் செய்தி வேகமாகப் போகிறது, மூட்டுக்குள் இருக்கிற திரவம் இளகி வழுவழுப்பாகிறது, இதயம் படிப்படியாக வேகம் பிடிக்கிறது. ஓர் இடத்தில் நின்று காலை இழுத்துப் பிடித்துக்கொண்டிருந்தால் இதில் எதுவும் பெரிதாக நடக்காது. படுக்கையில் இருந்து எழுந்து வந்த குளிர்ந்த தசையை ஒரு நிமிடத்துக்கு மேல் இழுத்துப் பிடித்தால் அதற்கடுத்துக் கொஞ்ச நேரம் அதன் பலம் சில சதவீதம் குறையவே செய்கிறது. காயத்தைத் தடுக்குமா என்று ஆஸ்திரேலிய ராணுவத்தில் பயிற்சிக்குச் சேர்ந்த 1538 பேரை வைத்துப் பார்த்தார்கள், முடிவு 2000ஆம் ஆண்டு வெளிவந்தது. ஒரு பாதிப் பேர் பயிற்சிக்கு முன் கால் தசைகளை ஒவ்வொன்றாக 20 விநாடி இழுத்துப் பிடித்தார்கள், மறுபாதி செய்யவில்லை, வார்ம் அப் இருவருக்கும் உண்டு. 12 வாரம் கழித்துப் பார்த்தால் இரண்டு பக்கமும் காயங்களில் சொல்லும்படியான வித்தியாசம் இல்லை.

ஆனால் வார்ம் அப்பே வெட்டி வேலை என்று அதை வைத்துச் சொல்லிவிட முடியாது. நார்வேயில் 13 முதல் 17 வயதுப் பெண் கால்பந்து ஆட்டக்காரர்களிடம் ஓட்டம், தசைப் பலம், சமநிலை எல்லாம் கலந்த 20 நிமிட வார்ம் அப்பைப் பழக்கிப் பார்த்தபோது காயங்கள் ஏறக்குறைய மூன்றில் ஒரு பங்கு குறைந்தன. அசைந்து செய்கிற வார்ம் அப்பில் பலன் இருக்கிறது. அசையாமல் இழுத்துப் பிடிப்பதை அதற்கு மாற்றாக வைத்துக்கொள்ளாதீர்கள், அவ்வளவுதான்.

உங்களுக்கு நான் சொல்வது இது. வீட்டு வாசலில் மூன்று நான்கு நிமிடம் போதும்: நின்ற இடத்திலேயே முட்டியை உயர்த்தி நடப்பது, சுவரைப் பிடித்துக்கொண்டு ஒவ்வொரு காலையும் முன்னும் பின்னும் ஊஞ்சலாட்டுவது, பாதி வரை உட்கார்ந்து எழுவது ஒரு பத்து, கணுக்காலைச் சுற்றுவது, இரண்டு கையையும் பெரிய வட்டமாகச் சுழற்றுவது. அப்புறம் சைக்கிளில் ஏறி முதல் பத்து பதினைந்து நிமிடம் சின்ன கியரில் லேசாக மிதித்துப் போங்கள். மார்கழி, தை மாதக் குளிரில் இன்னும் ஐந்து நிமிடம் கூட்டிக்கொள்ளலாம். முழு வாக்கியம் பேச முடிய வேண்டும், மூச்சு வாங்கினால் அது வார்ம் அப் இல்லை. இந்த நேரம் முடிகிற சமயத்தில் பத்து பதினைந்து விநாடி கொஞ்சம் அழுத்தி, ஒரு நிமிடம் விட்டு, மறுபடி அழுத்தி, இப்படி மூன்று தடவை செய்தால் உடம்பு தயார்.

ஞாயிறு குழுக்களில் நான் அடிக்கடி பார்க்கிற ஒரு தப்பு, நாலு ரோட்டில் எல்லாரும் கூடும் இடம்வரை வேகமாக வந்துவிட்டு, பிந்தி வருகிறவர்களுக்காக இருபது நிமிடம் நின்று போட்டோ எடுத்துக்கொண்டிருப்பது. அதற்குள் ஏறிய சூடெல்லாம் இறங்கிவிடும், அதன் பிறகு கிளம்பியதும் யாராவது ஒருவர் முறுக்குவார், எல்லாரும் பின்னாலேயே முறுக்குவார்கள். காத்திருக்க வேண்டுமென்றால் அந்தச் சாலையிலேயே மெதுவாகப் போய் வந்துகொண்டிருங்கள், கிளம்பிய பிறகு முதல் ஐந்து நிமிடம் யார் முறுக்கினாலும் பின்னால் போகாதீர்கள்.

உங்கள் ஊருக்கென்று ஒரு விஷயம் உண்டு, காற்று. ஆனி, ஆடியில் பாலக்காட்டுக் கணவாய் வழியாக மேற்கிலிருந்து வருகிற காற்று எப்படி இருக்கும் என்று பல்லடத்துக்காரருக்கு நான் சொல்லவேண்டியதில்லை, அத்தனை காற்றாடிகள் அங்கே சும்மா நிற்கவில்லை. அந்த மாதங்களில் சூலூர்ப் பக்கம் கிளம்பினால் முதல் கிலோமீட்டரில் இருந்தே எதிர்க்காற்று. வழக்கமான கியரில் போனால் மெதுவாகப் போவது மாதிரித்தான் தெரியும், முட்டிக்கு மட்டும் முழுச் சுமை ஏறியிருக்கும். ஆகவே ரெண்டு கியர் குறைத்துக்கொள்ளுங்கள், வேகத்தைப் பார்க்காமல் மூச்சைப் பாருங்கள். காங்கேயம் பக்கம் போனால் கதை தலைகீழ்: போகும்போது காற்று தள்ளும், திரும்பும்போது களைத்த காலோடு வீட்டு வாசல் வரை எதிர்க்காற்றில் முட்டிக்கொண்டு வருவீர்கள், கூல் டவுன் என்பதே இருக்காது. அப்படி வரும் நாட்களில் வீட்டுக்குப் போகுமுன் ஊருக்குள் சந்து பொந்துகளில் ஒரு பத்து நிமிடம் சும்மா சுற்றிவிட்டுப் போங்கள். வீடுகள் காற்றை மறைக்கும், கால் இளகும்.

முட்டிக்கு முன்பக்க வலி என்று எழுதியிருக்கிறீர்கள். இதற்கு ஸ்ட்ரெட்ச்சிங்கைத் தேடுவதற்கு முன் சீட்டைப் பாருங்கள். பழைய பெரிய சைக்கிள் ஓட்டிப் பழகியவர்கள் சீட்டில் உட்கார்ந்தபடியே இரண்டு காலும் தரையில் பதிய வேண்டும் என்று நினைத்து சீட்டைத் தாழ்த்தி வைத்துக்கொள்கிறார்கள். சீட் தாழ்ந்தால் முட்டி ஒவ்வொரு மிதிக்கும் அதிகமாக மடங்கி, மடங்கிய நிலையிலேயே அழுத்த வேண்டிவரும், முட்டிச் சிப்பிக்குப் பின்னால் சுமை கூடும், முன்பக்கம் வலிக்கும். ஒரு மணி நேரத்தில் ஐயாயிரம் மிதி மிதிக்கிற வேலை இது, சின்னக் கோளாறும் பெரிதாகிவிடும். பையனைச் சைக்கிளைப் பிடித்துக்கொள்ளச் சொல்லி ஏறி உட்காருங்கள். ஒரு பெடலை ஆகக் கீழே கொண்டுபோய் அதன்மேல் குதிகாலை வையுங்கள். இடுப்பு சாயாமல் முட்டி நேராக நீண்டால் உயரம் ஏறக்குறைய சரி. பாதத்தின் முன்பகுதியை வைத்து மிதிக்கும்போது முட்டியில் லேசான மடிப்பு இருக்கும், அதுதான் வேண்டும். இப்போது தாழ்ந்திருந்தால் ஒரேயடியாக ஏற்றாமல் அரை சென்டிமீட்டர் ஏற்றி, இரண்டு மூன்று தடவை ஓட்டிப் பார்த்து, பிறகு அடுத்த அரை சென்டிமீட்டர். அளவுக்கு மேல் ஏற்றினால் முட்டிக்குப் பின்பக்கம் வலிக்கும், இடுப்பு இடதும் வலதும் ஆடும், அப்போது கொஞ்சம் இறக்கிக்கொள்ளலாம்.

கூடவே மிதிக்கும் வேகத்தையும் பாருங்கள். 15 விநாடிக்கு வலது முட்டி எத்தனை முறை மேலே வருகிறது என்று எண்ணினால் 20 வந்தால் நிமிடத்துக்கு 80, நல்ல அளவு. 12, 13தான் வருகிறது என்றால் பெரிய கியரில் பலத்தால் தள்ளிக்கொண்டிருக்கிறீர்கள், முட்டிதான் அதற்கு விலை கொடுக்கிறது. முட்டி வீங்கினாலோ, மாட்டிக்கொண்டு நீட்ட முடியாமல் போனாலோ, நடக்கும்போது மடங்கி விட்டாலோ நேரில் காட்டுங்கள். ஒரு காலில் மட்டும் கெண்டைச்சதை வீங்கி, சூடாக, தொட்டால் வலித்தால் தேய்க்கவும் இழுக்கவும் வேண்டாம், அது ரத்தம் உறைந்ததாகவும் இருக்கலாம், உடனே மருத்துவமனை.

மறுநாள் தசை இறுகி வலிப்பதற்கு லாக்டிக் அமிலம் தேங்கியதுதான் காரணம் என்று பலரும் சொல்வார்கள். அது ஓட்டி முடித்த ஒரு மணி நேரத்துக்குள் பெரும்பாலும் போய்விடும். பழக்கமில்லாத அளவு வேலை வாங்கியதால் தசை நாரில் ஏற்படும் நுண்ணிய சேதமும் அதைச் சரிசெய்ய உடம்பு செய்யும் வேலையும்தான் அந்த வலி, ஒன்று முதல் மூன்று நாள் வரை இருந்து தானாகப் போகும். ஸ்ட்ரெட்ச்சிங் இதைத் தடுக்குமா என்று நடந்த ஆய்வுகளையெல்லாம் சேர்த்துப் பார்த்ததில், 100 புள்ளி அளவுகோலில் ஓரிரண்டு புள்ளி, போனால் நாலு புள்ளி குறைகிறது, அவ்வளவே. உங்களுக்கு இது வாரம் தவறாமல் வருவதற்குக் காரணம், ஆறு நாள் சைக்கிளைத் தொடாமல் ஏழாம் நாள் 50 கிலோமீட்டர் போவது. வாரத்தின் நடுவில் இரண்டு நாள், பொழுதோட அரை மணி நேரம் லேசாக ஓட்டுங்கள், ஒரு மாதத்தில் திங்கட்கிழமை வலி பாதியாகும். சனி இரவு ஷிஃப்ட் தறியில் நின்றுவிட்டுத் தூங்காமல் ஞாயிறு கிளம்புகிற வழக்கம் இருந்தால் அதை விட்டுவிடுங்கள், தூக்கம் கெட்ட உடம்பு எதிலிருந்தும் சீக்கிரம் தேறாது.

அப்படியானால் ஸ்ட்ரெட்ச்சிங் எதற்கு? சைக்கிளில் இடுப்பு எப்போதும் மடங்கியே இருக்கிறது, முழுதாக நீள்வதே இல்லை. தொடைப் பின்தசையும் அப்படித்தான். முதுகு வளைந்து, பொடனி மேல்நோக்கி நிமிர்ந்து மணிக்கணக்கில் இருக்கிறது. நீங்கள் வார நாட்களில் தறிக்கு முன்னால் நின்று, நூல் அறுந்தால் குனிந்து பிணைத்து வேலை செய்கிறீர்கள், கெண்டைக்காலும் நடுமுதுகும் அதிலேயே இறுகியிருக்கும். இதை மெல்ல மெல்ல, பல வாரங்களில் தளர்த்துவதற்குத்தான் ஸ்ட்ரெட்ச்சிங். அதனால் ஓட்டி முடித்து உடம்பு சூடாக இருக்கும்போதோ, சாயங்காலம் கொஞ்சம் நடந்துவிட்டு வந்த பிறகோ செய்யுங்கள், வாரத்தில் மூன்று நாளாவது. ஒவ்வொன்றும் 30 விநாடி, இரண்டு தடவை. இழுப்பது தெரிய வேண்டும், வலிக்கக் கூடாது, துள்ளக் கூடாது, மூச்சை அடக்கக் கூடாது.

கெண்டைக்காலுக்குச் சுவரில் கை ஊன்றி ஒரு காலைப் பின்னால் வைத்து, குதிகால் தரையை விட்டு எழாமல் முன்னால் சாயுங்கள், ஒரு தடவை முட்டி நேராக, ஒரு தடவை முட்டியை லேசாக மடக்கி, இரண்டும் வேறு வேறு தசை. தொடைப் பின்பக்கத்துக்குக் காலைத் தாழ்வான திண்ணைமேல் நீட்டி வைத்து, முதுகை வளைக்காமல் இடுப்பிலிருந்து முன்னால் குனிய வேண்டும். கட்டை விரலைத் தொட்டே ஆகவேண்டும் என்று முதுகை வில்லாக வளைப்பதில் பயனில்லை. இடுப்பு முன்பக்கத்துக்கு ஒரு முட்டியைத் தலையணைமேல் ஊன்றி, மற்ற காலை முன்னால் வைத்து, பிட்டத்தை இறுக்கிக்கொண்டு முன்னால் நகருங்கள், ஊன்றிய காலின் தொடை மேல்பகுதியில் இழுப்பு தெரியும். முட்டி வலி தீரும்வரை நின்றுகொண்டு குதிகாலைப் பிட்டத்தோடு சேர்த்து அழுத்துகிற ஸ்ட்ரெட்ச் வேண்டாம், ஒருக்களித்துப் படுத்து ஒரு துண்டைக் கணுக்காலில் மாட்டி மெதுவாக இழுத்துக்கொள்ளலாம். பிட்டத்துக்கு மல்லாந்து படுத்து ஒரு கணுக்காலை எதிர் முட்டிமேல் போட்டு இரண்டையும் நெஞ்சுப் பக்கம் இழுங்கள். நடுமுதுகுக்கு ஒரு ஜமுக்காளத்தைச் சுருட்டித் தோள்பட்டை எலும்புகளுக்குக் கீழே குறுக்காக வைத்து மல்லாந்து, கைகளைத் தலைக்கு மேல் நீட்டி ஒரு நிமிடம் படுத்திருங்கள், பவானி ஜமுக்காளம் தடிமனுக்கு நன்றாகவே இருக்கும். பொடனிக்குத் தாடையை உள்ளே இழுத்து ஐந்து விநாடி வைத்து விடுவது பத்து தடவை. தலையை வட்டமாகச் சுழற்றுவதும், யாரிடமாவது போய்க் கழுத்தை நெட்டி முறித்துக்கொள்வதும் வேண்டாம்.

வீட்டுக்காரம்மாவுக்குத் தனியாக வார்ம் அப் தேவையில்லை, முதல் ஐந்து நிமிடமும் கடைசி ஐந்து நிமிடமும் மெதுவாக நடந்தால் போதும், முடித்துவிட்டுக் கெண்டைக்கால் ஸ்ட்ரெட்ச் ஒன்றைச் செய்யட்டும், குதிகால் வலி இருந்தால் அதற்கும் அது நல்லது. பையன் ஜிம்மில் டிரெட்மில்லில் ஓடுவதோடு வார்ம் அப் முடிந்தது என்று நினைக்க வேண்டாம், எந்த எடையைத் தூக்கப் போகிறானோ அதே அசைவை முதலில் வெறும் ராடில், பிறகு பாதி எடையில் செய்துவிட்டு ஏற்றட்டும். கபடி, வாலிபால் ஆடுகிறவனாக இருந்தால் குதித்து இறங்குவது, பக்கவாட்டில் ஓடித் திரும்புவது, ஒற்றைக் காலில் நிற்பது எல்லாம் வார்ம் அப்பில் இருக்க வேண்டும்.

வால்பாறைக்கு வருகிறேன். நிறையப் பேர் செய்வது மாதிரி சைக்கிளை வண்டியில் ஏற்றி ஆழியாறில் இறக்கி அங்கிருந்து தொடங்காதீர்கள், சற்று நேரத்திலேயே மலை ஏறத் தொடங்கிவிடும், 40 கொண்டை ஊசி வளைவுக்குக் குளிர்ந்த காலோடு போவீர்கள். பொள்ளாச்சியில் இருந்தே மிதித்து வாருங்கள், அந்தச் சமதளச் சாலைதான் உங்கள் வார்ம் அப். ஏற்றத்தில் ஆகச் சின்ன கியர், நின்று போட்டோ எடுத்த ஒவ்வொரு இடத்திலும் கிளம்பும்போது முதல் இரண்டு நிமிடம் மெதுவாக. மேலே போனதும் வியர்த்த சட்டையோடு நிற்காமல் ஒரு காற்றுத் தடுக்கும் ஜாக்கெட்டைப் போட்டுக்கொள்ளுங்கள், இறக்கத்தில் மிதிக்கத் தேவையே இருக்காது என்றாலும் நேரான பகுதிகளில் பெடலைச் சும்மா சுற்றிக்கொண்டே வாருங்கள், இல்லையென்றால் கீழே வருவதற்குள் தொடை விறைத்துக் குரக்களி பிடிக்கும். பிரேக்கைப் பிடித்தே கை மரத்துப் போகும், இரண்டு மூன்று இடத்தில் ஓரமாக நிறுத்தி விரல்களை விரித்து மடக்கிக்கொள்ளுங்கள்.

இதெல்லாம் மருத்துவர் சரி என்று சொன்ன பிறகுதான். அதற்கு முன் நாலைந்து ஞாயிறு மெதுவாகக் கிளம்பி மெதுவாக முடித்துப் பாருங்கள், தலைசுற்றல் ஒரு தடவை திரும்ப வந்தாலும் தேதியைத் தள்ளி வைத்துவிட்டு மறுபடி போய்க் காட்டுங்கள்.